மான் சுடப் பதினேழு முடிந்திருக்க வேண்டும்

1

"தம்பி, மான் சுடப் போறதுக்கு என்னென்ன பேப்பர் வேணும்?"

ஆகஸ்ட் மாதத்து மாலை. வெளியே தார் உருகும் வெயில் அப்போதுதான் இறங்கியிருந்தது. குவைத்தின் ஃபஹாஹீல் சந்தைக்குப் பின்தெருவில் இருக்கும் எங்கள் டைப்பிங் சென்டரின் கவுண்டரில் என்னிடம் பல கேள்விகள் வந்திருக்கின்றன. செத்துப்போன மாமனாருக்காக அவசர லீவுக் கடிதம், பெண்டாட்டி பெயரில் ஓர் எழுத்து மாறிப்போன விசா, விசா கொடுத்த முதலாளியான கஃபீலிடம் கொடுக்க மன்னிப்புக் கடிதம். எல்லாம் தட்டிக் கொடுத்திருக்கிறேன். மான் சுடக் கேட்டு வந்தவர் சுடலைமுத்து அண்ணாச்சி ஒருவர்தான்.

அண்ணாச்சிக்குக் கடையம் பக்கம் ஊர். கட்டடச் சாரம் கட்டும் கூலியாளாகக் குவைத்துக்கு வந்தவர், இப்போது எண்ணெய்க் கம்பெனி வேலைகளுக்குச் சாரம் கட்டிக் கொடுக்கும் சின்ன சப்-கான்ட்ராக்டர். அவர் மகள் வர்ஷினி பிறந்ததிலிருந்து இங்கேதான். படிப்பது ஆங்கிலப் பள்ளியில். கூடப் படிக்கும் ஐலா ஸ்காட்லாந்துப் பெண். அக்டோபர் விடுமுறைக்கு ஐலாவின் குடும்பம் ஊருக்குப் போகிறது, வர்ஷினியையும் அழைத்திருக்கிறது. ஐலாவின் மாமா அங்கே ஒரு மலை எஸ்டேட்டில் வேட்டை வழிகாட்டி. பிள்ளைகள் இருவரும் இங்கே ஒரு ஷூட்டிங் கிளப்பில் ஏர் ரைஃபிள் பழகியவர்கள். அதனால் மாமா, "வாருங்கள், மான் வேட்டைக்குக் கூட்டிப் போகிறேன்" என்று சொல்லி எஸ்டேட்டின் ஐந்து பக்கப் படிவத்தையும் அனுப்பிவிட்டார்.

இந்தக் கதையைச் சொல்லிக்கொண்டே அண்ணாச்சி ஐந்து தாள்களையும் கவுண்டரில் வைத்தார். நான் புரட்டிப் பார்த்தேன். கடைசிப் பக்கத்தில் பெற்றோர் ஒப்புதல் என்ற இடத்தில் அவர் கையெழுத்து ஏற்கெனவே இருந்தது. மற்ற நான்கு பக்கங்களும் வெற்று.

"என்ன அண்ணாச்சி, ஒன்னுமே எழுதாம கையெழுத்துப் போட்டிருக்கீங்க?"

"எப்படியும் போடத்தானே செய்யணும். என் வேலையை முடிச்சிட்டேன். மத்தத நீ பாத்துக்கிடு."

அந்த நொடியில்தான் யோசனை வந்தது. வளைகுடாவில் நம் ஆட்களின் வேலை முறையே இதுதான். ஏஜென்ட் நீட்டியதும் கையெழுத்து, கேம்ப் மேற்பார்வையாளர் நீட்டியதும் கையெழுத்து. பேனாவைக் கடைசிப் பக்கத்தில் வைத்துவிட்டு, அப்புறம் யாராவது படித்துச் சொல்வார்கள் என்று காத்திருக்கிறோம். அதனால் முக்கியமான படிவம் ஒவ்வொன்றுக்கும் தமிழில் ஒரே ஒரு பக்கம் எழுதி வைத்தால் என்ன? கையெழுத்துக்கு முன்னால் அதைக் கையில் கொடுத்துவிட வேண்டும். முதல் பக்கம் மான் வேட்டைக்கு!

"அண்ணாச்சி, நாளைக்கு வாங்க" என்றேன். பக்கத்து மேசையில் அரபியில் தட்டிக்கொண்டிருந்த யோகா அக்கா நிமிர்ந்து பார்த்தார். யாழ்ப்பாணம். இந்த சென்டரில் எனக்கு மூத்தவர், என் வேகத்துக்குப் பிரேக்.

"ஓம், துவங்கீட்டார்" என்றார். "இனி ஊருக்கே படிப்பிச்சுப் போட்டுத்தான் மற்ற வேலை."

2

அன்று இரவு முழுக்க அந்தப் படிவத்தோடும் ஸ்காட்லாந்துச் சட்டத்தோடும் உட்கார்ந்திருந்தேன். படிக்கப் படிக்கச் சுவாரசியம் ஏறியது. நமக்கு மான் வேட்டை என்றால் பழைய படங்களில் வரும் ராஜா, இல்லையென்றால் கோர்ட்டு. அங்கே அது ஓர் உத்தியோகம். மலையில் ஓநாய் இல்லை, மான் பெருகிவிட்டால் மரக்கன்றுகளையெல்லாம் தின்றுவிடுகிறது. அதனால் கணக்கு வைத்துச் சுடுகிறார்கள். கறியும் வீணாவதில்லை.

மறுநாள் அண்ணாச்சியிடம் அந்தப் பக்கத்தைக் கொடுத்தேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு எழுத்தெழுத்தாகப் படித்தார். நான் எழுதியிருந்தது ஏறக்குறைய இதுதான்:

பதினெட்டுக்குக் கீழே என்றால் தாய், தகப்பன் இருவர் கையெழுத்தும் வேண்டும். கூடப் போகும் பெரியவர் யார் என்று விசாவிலேயே பெயர் வரும். பிள்ளைக்குச் சொந்தத் துப்பாக்கி லைசன்ஸ் இல்லை, எனவே வழிகாட்டியின் ரைஃபிளைத்தான் கடன் வாங்கிச் சுட முடியும். லைசன்ஸ் அவருடையது, அவர் பக்கத்திலேயே நிற்க வேண்டும். கடன் வாங்குபவருக்கு வயது குறைந்தது பதினேழு. முதலில் காகிதக் குறியில் சுட்டுக் காட்ட வேண்டும், சரியாக விழாவிட்டால் மலைக்கே கூட்டிப் போகமாட்டார். நடக்கும்போது ரைஃபிள் உறையில், வழிகாட்டியின் தோளில். அவர் சொல்லும்வரை குண்டு ஏற்றக் கூடாது, குறி வைக்கும்வரை விரல் விசைக்குப் போகக் கூடாது. மானுக்குப் பின்னால் மண் இருக்க வேண்டும். வானம் இருந்தால் சுடக் கூடாது. பின்னால் இன்னொரு மான் நின்றாலும் கூடாது. மாலையில் திரும்பியதும் உடம்பில் உண்ணி ஒட்டியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.

அண்ணாச்சி இரண்டு தடவை படித்தார்.

"உண்ணியா? நம்மூரு மாட்டு உண்ணியா?"

"அதேதான். அங்க அதால காய்ச்சல் வருதாம்."

"அதுக்குக்கூட ஒரு ரூல் வச்சிருக்கானா!" அவர் முகம் தெளிந்தது. "தம்பி, உண்மையச் சொல்லுதேன், எனக்குப் பயமாத்தான் இருந்திச்சு. எங்க ஊர்ல என் மச்சினனுக்கு எவனோ இலையில மடிச்சு மான்கறி குடுத்தான். மச்சினன் அதச் சட்டியில போட்டான், அவ்வளவுதான். காட்டிலாகா வந்து சட்டியோட தூக்கிட்டுப் போயிட்டாவ. ஜெயிலுக்குப் போய் வந்தான். இன்னைக்கும் ஊருக்குள்ள 'மான்கறி'ன்னாத்தான் அவனைத் தெரியும். இப்ப எம்மவ துப்பாக்கியே எடுக்கப் போறேங்கா. அவ அம்மா ரெண்டு நாளா எங்கூடப் பேசல."

"சட்டப்படி எல்லாம் கரெக்டா இருக்கு. பயமே வேண்டாம் அண்ணாச்சி" என்றேன். சந்தோஷமாகச் சொன்னேன். எனக்கு இருபத்து நான்கு வயது, என்ஜினீயரிங் படித்துவிட்டு இரண்டு வருடமாக அடுத்தவர் படிவங்களை நிரப்புகிறவன். அந்த ஒரு பக்கம்தான் நானாகச் செய்த முதல் காரியம்.

அண்ணாச்சி தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்தார். பிறகு வர்ஷினி சொல்லித்தான் எனக்குத் தெரியும், அன்று வீட்டில் அதை அவர் சத்தமாகப் படித்திருக்கிறார். அவளுக்குத் தமிழ் பேச வரும், படிக்க வராது. அவருக்கு ஆங்கிலப் படிவம் ஓடாது. மகள் சோபாவில், அம்மா அடுக்களை வாசலில், அண்ணாச்சி நடுவில் நின்று, "விரல் விசைக்குப் போகக் கூடாது" என்று வாசித்தாராம். "அப்பா நியூஸ் ரீடர் மாதிரி படிச்சாரு அண்ணா" என்று சிரித்தாள். அம்மா மறுநாள் கையெழுத்துப் போட்டார்.

3

படிவத்தை நிரப்ப அண்ணாச்சிக்குப் போன் அடித்தேன். சைட்டில் இருந்தார், பின்னால் இரும்பு அடிக்கும் சத்தம்.

"பாப்பாவுக்கு வயசு?"

"பதினேழு!"

எழுதினேன். அனுப்பினேன். யோகா அக்கா, "ஒருக்கால் வாசிச்சுப் பார்த்தனீரே?" என்று கேட்டார். பார்த்ததாகச் சொன்னேன். எழுத்துப் பிழைகளைத்தான் பார்த்திருந்தேன். மறுநாளே ஐலாவின் மாமாவிடமிருந்து பதில்: பதினேழு என்றால் நல்லது, என் ரைஃபிளையே தருகிறேன், பெயரைப் பதிந்துவிட்டேன்.

அந்த வாரக் கடைசியில் விசாப் படிவத்துக்கு உட்கார்ந்தேன். அது வயதைக் கேட்பதில்லை, பிறந்த தேதியைக் கேட்கிறது. வர்ஷினியின் பாஸ்போர்ட்டைத் திறந்து நாள், மாதம், வருடம் என்று தட்டினேன். மாதம் நவம்பர். விரல் நின்றுவிட்டது. மறுபடி கூட்டிப் பார்த்தேன். வேட்டைக்குப் போகும் அக்டோபரில் அவளுக்குப் பதினாறு வருடம், பதினொரு மாதம்.

அண்ணாச்சி பொய் சொல்லவில்லை. அவருடைய கணக்கில் பதினாறு போன நவம்பரிலேயே முடிந்து, பதினேழு ஓடிக்கொண்டிருக்கிறது. எங்கள் வீட்டிலும் அதே கணக்குதான். ஜோசியரிடம் அம்மா சொல்வது நடப்பு வயது. பஸ்ஸில் டிக்கெட் எடுக்காமல் போக நான் பல வருடம் மூன்று வயது நிரம்பாமலேயே நின்றேன். பள்ளியில் சேர்த்தபோது தலைமையாசிரியர் ஒரே வீச்சில் என்னைப் பெரியவனாக்கினார். நம் ஊரில் வயது, ஆளையும் காரியத்தையும் பார்த்து நீளும், குறுகும். யாரும் அதைத் தப்பு என்று நினைப்பதில்லை. அந்தப் பழக்கத்தை நான் அப்படியே ஸ்காட்லாந்துக்கு மெயிலில் அனுப்பியிருக்கிறேன்.

சொல்லிவிடுகிறேன், அரை மணி நேரம் நான் நல்லவனாக இல்லை. விசாப் படிவம் போவது ஓர் அலுவலகத்துக்கு, எஸ்டேட் படிவம் போனது ஒரு மலைக்கு. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கப் போவது யார்? ஒரு மாதம்தானே?

யோகா அக்காவிடம் சொன்னேன். அவர் தட்டுவதை நிறுத்தவில்லை.

"ஒரு மாசமெண்டு விட்டிடாதையும். அந்த மனுசன் ரைஃபிளைக் குடுக்கிறதே உம்மட எழுத்தை நம்பித்தான். பிடிபட்டா ஆரின்ர லைசன்ஸ் போகும்? உம்மடையோ?"

4

வியாழன் மாலை அண்ணாச்சியை வரச் சொன்னேன். சைட்டிலிருந்து நேராக வந்தார், கையில் ஹெல்மெட். கூடவே வர்ஷினி, பள்ளிச் சீருடையில். ஹெல்மெட்டைக் கவுண்டரில் வைத்துவிட்டு, "என்ன தம்பி, விசா வந்துட்டா?" என்றார்.

"அண்ணாச்சி, அக்டோபர்ல பாப்பாவுக்குப் பதினாறுதான்."

"பதினாறு முடிஞ்சு போச்சேப்பா. பதினேழு நடக்குது. கடையத்துல எவங்கிட்ட வேணும்னாலும் கேளு."

"ஸ்காட்லாந்துல முடிஞ்சதைத்தான் எண்ணுவாங்க. ரைஃபிளை இரவல் வாங்கப் பதினேழு முடிஞ்சிருக்கணும். மெயில் போட்டுத் திருத்திரணும்."

"திருத்துனா?"

"பாப்பா சுட முடியாது."

வர்ஷினி போனிலிருந்து தலையைத் தூக்கினாள். அண்ணாச்சி என்னைப் பார்த்த பார்வையில் கோபத்தைவிட ஏமாற்றம் அதிகம் இருந்தது.

"ஒரு மாசத்துல மான் என்ன யானையாவா ஆயிரப் போகுது? நீதானே சொன்னே, சட்டப்படி கரெக்ட், பயமில்ல அண்ணாச்சின்னு. அந்தப் பேச்ச நம்பித்தானே அவ அம்மாவையே சம்மதிக்க வச்சேன். இப்ப நீயே வந்து ரெட் சிக்னல் காட்டுதே!"

"தப்பு என்னுதுதான். பாஸ்போர்ட்டப் பாக்காம எழுதிட்டேன்."

"எழுதினது எழுதினதா இருக்கட்டும். கலாஸ், முடிஞ்சு போச்சு. விடு."

சட்டப் பிரிவைச் சொன்னால் அவருக்கு ஏறாது. கவுண்டரில் இருந்த ஹெல்மெட் கண்ணில் பட்டது.

"அண்ணாச்சி, உங்க சைட்டுக்குப் புதுசா ஒருத்தன் வாரான். சாரம் ஏறுற ட்ரெயினிங் முடிஞ்சுதான்னு கேக்கீங்க. 'நடக்குது சார், இன்னும் ஒரு மாசம்'ங்கான். ஏத்துவீங்களா?"

"அது வேற."

"எப்படி வேற?"

"வேறதாம்லே. அவன் மேலயிருந்து விழுந்தாம்னா அந்தச் சாரத்துல 'ஏறலாம்'னு தொங்குத பச்ச டேக்குல என் கையெழுத்துல்லா இருக்கும். நாந்தானே உள்ள போவணும்..."

பாதியில் நிறுத்தினார். ஹெல்மெட்டைத் தன் பக்கம் இழுத்து, அதிலிருந்த தூசியைக் கட்டைவிரலால் துடைத்தார்.

"அங்க டேக்கு அந்த மாமாவோடதா?" என்று கேட்டார்.

"ஆமா."

"ம்."

அப்போது வர்ஷினி பேசினாள். "அப்பா, எனக்குத் தெரியும்."

"என்ன தெரியும்?"

"ஃபார்ம்ல செவன்டீன்னு போட்டது. ஐலா காட்டுனா. நான் பொய் சொல்லல. நீங்க சொன்னீங்க, அண்ணா எழுதுனாங்க, நான் சும்மா இருந்தேன். ஐ ரியலி வான்டட் டு கோ."

அண்ணாச்சி அவளைத் திட்டுவார் என்று நினைத்தேன். "சும்மா இருக்காம உங்கம்மா மாதிரி இருந்தா என்ன? அவ இதுக்கெல்லாம் வாயத் தொறப்பா" என்று மட்டும் சொன்னார்.

நான் மெயில் எழுத உட்கார்ந்தேன். அவள் கீபோர்டைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டாள். "நான் எழுதுறேன் அண்ணா. என் வயசு." நான்கே வரிகள். தன் வயது பதினாறு, படிவத்தில் பதினேழு என்று போனது தனக்குத் தெரியும், மன்னிக்க வேண்டும், வர வேண்டாம் என்றாலும் புரிந்துகொள்ள முடியும். அனுப்பும் பொத்தானை அழுத்திவிட்டு, திரையைப் பார்க்காமல் வெளியே போய் நின்றுகொண்டாள்.

5

இரண்டு நாள் பதில் இல்லை. நான் கவுண்டரில் இருந்தபடியே நிமிஷத்துக்கு ஒரு தடவை மெயிலைப் புதுப்பித்துக்கொண்டிருந்தேன். "உதைத் தட்டித் தட்டி உடைச்சுப்போடாதையும்" என்றார் யோகா அக்கா.

மூன்றாம் நாள் வந்தது. மாமா நன்றி சொல்லியிருந்தார். மலையில் வைத்துத் தெரியவந்திருந்தால் தன் துப்பாக்கி லைசன்ஸ் போயிருக்கும், அதோடு வேலை, வேலையோடு சேர்ந்து கிடைத்த வீடும் போயிருக்கும் என்று எழுதியிருந்தார். ரைஃபிளைத் தொட முடியாது, ஆனால் மலையில் உனக்கு இடம் உண்டு. தொலைநோக்கி உன் கழுத்தில், துப்பாக்கி என் தோளில். நல்ல மழைக்கோட்டுக் கொண்டு வா.

குவைத்தில் மழைக்கோட்டுத் தேடியது தனிக்கதை. விசா வந்தது, வர்ஷினி போனாள்.

திரும்பி வந்த வாரம் அவளே கவுண்டருக்கு வந்து கதை சொன்னாள், பாதி ஆங்கிலம், பாதி தமிழ், நிறையக் கை. மாமாவோடு விடியலில் கிளம்பியிருக்கிறார்கள். மூன்று மணி நேரம் ஈரப் புல்லில் நடை, கடைசியில் வயிற்றால் தவழ்ந்து போயிருக்கிறார்கள். மானை முதலில் பார்த்தது அவள்தான். பெரிய கொம்பு, வாயிலிருந்து புகை மாதிரி மூச்சு.

"மாமா ரைஃபிளை வெளிய எடுத்தாரு அண்ணா. நான் மூச்சே விடல. அப்ப அது நடந்து மலை உச்சிக்குப் போயி அப்படியே நின்னுச்சு. பின்னாடி வெறும் வானம்."

"அப்புறம்?"

"அவர் சுடல. நாப்பது நிமிஷம் படுத்தே இருந்தோம். குளிர்ல என் கால் எங்க இருக்குன்னே தெரியல. அது எங்களைப் பாத்துட்டு அந்தப் பக்கம் இறங்கிப் போயிருச்சு."

"கோபம் வரலையா?"

"பயங்கரமா! இவ்ளோ கிட்ட, சும்மா விட்டுட்டாரேன்னு. அவர் ஒன்னும் பேசல. எழுந்திரிச்சு, 'வா'ன்னு உச்சிக்குக் கூட்டிட்டுப் போனாரு." அவள் குரல் இறங்கியது. "அந்தப் பக்கச் சரிவுல ரெண்டு பேர் டென்ட் போட்டிருந்தாங்க அண்ணா. ஒருத்தர் ஸ்டவ்ல டீ வச்சுக்கிட்டு இருந்தாரு. எங்களைப் பாத்துக் கை ஆட்டுனாரு."

என் காகிதத்தில் அது ஒரு வரி. மானுக்குப் பின்னால் மண் இருக்க வேண்டும். எழுதும்போது மொழிபெயர்ப்பு நன்றாக வந்திருக்கிறது என்று என்னை நானே மெச்சிக்கொண்ட வரி.

"உண்ணி?" என்று கேட்டார் யோகா அக்கா.

"ரெண்டு!" என்றாள் வர்ஷினி பெருமையாக.

6

நவம்பர் வந்துவிட்டது, இன்று அவள் பிறந்தநாள். அதனால்தான் இதை இன்று எழுதுகிறேன்.

இதற்குள் என் ஒற்றைப் பக்கங்கள் ஒரு ஃபைல் ஆகிவிட்டன. வேலை ஒப்பந்தத்துக்கு ஒன்று, குடும்ப விசாவுக்கு ஒன்று, கடற்கரையில் மீன் பிடிக்கப் போகிறவர்களுக்கு ஒன்று. ஒவ்வொரு பக்கத்திலும் வயது வரும் இடத்தில் 'முடிந்த வயது' என்று தடித்த எழுத்தில் போட்டிருக்கிறேன். யோகா அக்கா இப்போதெல்லாம் கிண்டலோடு திருத்தமும் சொல்கிறார். இலங்கை ஆட்களுக்குப் புரியும் சொல்லையும் போடச் சொல்லி இரண்டு பக்கங்களைத் திருப்பி அனுப்பினார். சரியாகத்தான் சொன்னார், மாற்றிவிட்டேன்.

மாலையில் அண்ணாச்சியும் வர்ஷினியும் இனிப்புப் பெட்டியோடு வந்தார்கள். வர்ஷினி கையில் அடுத்த அக்டோபருக்கான எஸ்டேட் படிவம். மாமா மறுபடி அழைத்திருக்கிறார். வயதுக் கட்டத்தில் பேனாவை வைத்துவிட்டு நான் அண்ணாச்சியைப் பார்த்தேன்.

"நடக்குதா, முடிஞ்சுதா?"

"முடிஞ்சு நாலு மணி நேரம் ஆச்சுலே! மதியம் ஒன்னு பத்துக்குப் பொறந்தவ. ஆஸ்பத்திரியில நாந்தான் கடிகாரத்தப் பாத்தேன்."

எழுதினேன். இந்தத் தடவை பாஸ்போர்ட்டையும் பார்த்தேன். அதை அவர் கவனித்தார்.

"தம்பி, இன்னொரு ஃபார்ம் இருக்கா?"

"யாருக்கு?"

"கூடப் போற பெரியவர்னு ஒரு கட்டம் இருக்குல்லா. இந்தத் தடவை அதுல நம்ம பேரப் போடு. இருபது வருசமா லீவுன்னா கடையம், கடையம்னா லீவு. அந்த வானத்துக்கும் மண்ணுக்கும் நடுவுல என்ன இருக்குன்னு நானும் ஒருக்கா பாக்கணும்."

வர்ஷினி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "அப்பா, அங்க வயித்தால தவழணும்."

"சாரத்துல தொங்குனவனுக்குத் தவழத் தெரியாதாக்கும்."

ஸ்காட்லாந்துக்குப் போகப் பிரிட்டன் விசா அவருக்கு எளிதில் கிடைத்துவிடாது. வங்கிக் கணக்கு, கம்பெனிக் கடிதம், போன பயணங்களின் பட்டியல் என்று கேட்பார்கள். அவருடைய பாஸ்போர்ட்டில் உள்ள பிறந்த தேதி தலைமையாசிரியர் கொடுத்தது. அவர் அம்மா சொன்ன கணக்கு வேறு. இனி எழுதும் எல்லாக் கட்டத்திலும் பாஸ்போர்ட்டில் உள்ளதுதான் வரும் என்று சொல்லிவிட்டேன். தலையாட்டினார். அடுத்த அக்டோபருக்கு இன்னும் பதினொரு மாதம் இருக்கிறது. ஒவ்வொரு காகிதமாகச் சேர்த்து, இந்த விசாவை வாங்கிக் காட்டத்தான் போகிறேன்.

படிவத்தை அச்செடுத்து அவர் முன் வைத்தேன். பழக்கம் போகுமா? நேராகக் கடைசிப் பக்கத்தைப் புரட்டி, பேனா மூடியைப் பல்லால் கடித்துத் திறந்தார். பேனா முனை தாளைத் தொடுவதற்கு ஒரு நூல் இருக்கும்போது நின்றது. என்னைப் பார்த்தார், மகளைப் பார்த்தார், மூடியைத் திரும்பப் பேனாவில் மாட்டினார். தாள்களை முதல் பக்கத்துக்குப் புரட்டி, நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"படி தம்பி" என்றார். "முதல்லேருந்து படி."